பக் வீவரையும் திருடன் என்று எழுதிய ரெட்ஸ் ரசிகருக்கு

தென்சிகாகோ:
போன வாரம் சிகாகோவின் பேஸ்பால் அணி ஒயிட் சாக்ஸ் பற்றிய இழையில் ரெட்ஸ்ரசிகன் போகிற போக்கில் ஒரு வரி எழுதினார். "1919-ல் விலைபோன எட்டுப் பேரில் வீவரும் ஒருத்தன். திருடனில் நல்ல திருடன், கெட்ட திருடன் கிடையாது." அங்கேயே பதில் சொல்லியிருப்பேன், அதற்குள் இழையைப் பூட்டிவிட்டார்கள். அதனால் தனி இழை.

தெரியாதவர்களுக்கு: பக் வீவர் 1890-ல் பென்சில்வேனியாவின் பாட்ஸ்டவுனில் பிறந்தவர். 1912-ல் ஷார்ட்ஸ்டாப்பாக (இரண்டாவது, மூன்றாவது பேஸுக்கு நடுவில் நிற்பவர்) ஒயிட் சாக்ஸுக்கு வந்தார். முதல் வருஷம் 71 எர்ரர் (பந்தைப் பிடிப்பதிலும் எறிவதிலும் செய்த பிழை), மட்டையில் சராசரி .224, அதாவது ஆயிரம் தடவைக்கு 224 ஹிட். அடுத்த வருஷம் 70 எர்ரர். வேறு ஆளாக இருந்தால் ஊருக்குப் போயிருப்பான். இவர் வலது இடது இரண்டு பக்கமும் நின்று அடிக்கப் பழகினார், தேர்ட் பேஸுக்கு நகர்ந்தார், அமெரிக்கன் லீகில் அந்த இடத்துக்கு முதலில் சொல்லப்படும் பெயர்களில் ஒன்றாக ஆனார். இரண்டு லீக் சாம்பியன்களும் மோதும் வேர்ல்ட் சீரிஸில், 1917-ல், நியூயார்க் ஜயண்ட்ஸை சாக்ஸ் வென்றபோது இவர் அடித்தது .333.

இனி 1919. சாக்ஸ் ஆட்டக்காரர்கள் எட்டுப் பேர் சூதாடிகளிடம் காசு வாங்கிக்கொண்டு சின்சினாட்டி ரெட்ஸிடம் தோற்றுக்கொடுத்ததாகச் சொல்லப்படும் சீரிஸ். எட்டு ஆட்டம். வீவர் 34 தடவை மட்டை பிடித்து 11 ஹிட் (அடித்து பேஸ் சேர்ந்தது). அதில் நாலு டபுள் (இரண்டாம் பேஸ் வரை), ஒரு ட்ரிபிள் (மூன்றாம் பேஸ் வரை). .324. ஒரு எர்ரர்கூட இல்லை. கையில் ஒரு டாலர் வாங்கவில்லை.

தோற்றுக்கொடுக்க ஒப்புக்கொண்டவன் 11 ஹிட் அடிப்பானா? இதற்கு மட்டும் பதில் சொல்லுங்கள்.

ரெட்ஸ்ரசிகன்:
தனி இழையே திறந்துவிட்டீர்களா! சந்தோஷம். என் பதில் சின்னது. சூதாடிகளும் ஆட்டக்காரர்களும் கூடிப் பேசிய அறையில் வீவர் உட்கார்ந்திருந்தாரா இல்லையா? உட்கார்ந்திருந்தார். வெளியே வந்து யாரிடமாவது சொன்னாரா? சொல்லவில்லை. முடிந்தது.

இன்னொன்று. "தோற்றுக்கொடுத்த சீரிஸ்" என்று எழுதும்போதெல்லாம் எங்கள் அணி ஆடவே இல்லை என்பது போல ஆகிறது. 1919-ல் ரெட்ஸ் 96 ஜெயிப்பு, 44 தோல்வி. உங்கள் சாக்ஸ் 88, 52. யார் நல்ல அணி என்று எண்ணிப் பாருங்கள்.

தென்சிகாகோ:
நான் கேட்டது 11 ஹிட் பற்றி. நீங்கள் சொல்வது அறை பற்றி. ரெட்ஸ் எத்தனை ஜெயித்தது என்று யாரும் கேட்கவே இல்லை.

பழையபேப்பர்:
ஹிட் கணக்கு பேசுகிறீர்கள் என்றால் முழுக்கணக்கும் பேசலாமே. வீவர் அந்த சீரிஸில் அடித்து உள்ளே கொண்டுவந்த ரன் எத்தனை? பூஜ்யம். 11 ஹிட், 4 டபுள், 1 ட்ரிபிள், மூன்றாவது ஆளாக மட்டை பிடித்தவர், எட்டு ஆட்டத்தில் ஒரு ஆளைக்கூட வீடு (ஓட்டம் முடிந்து ரன் ஆகும் இடம்) சேர்க்கவில்லை. காசு வாங்கியதை கிராண்ட் ஜூரியிடம் (வழக்குப் போடலாமா என்று விசாரிக்கும் குழு) ஒப்புக்கொண்ட அதே சாக்ஸின் ஜோ ஜாக்சன் .375 அடித்து ஆறு ரன் கொண்டுவந்தார். அப்படியானால் ஜாக்சன் வீவரைவிட யோக்கியர், இல்லையா? உங்கள் கணக்குப்படி.

தென்சிகாகோ:
வந்துவிட்டார் பூஜ்யம் வாத்தியார். எதிர்பார்த்தேன்.

பூஜ்யம் ஏன் வந்தது என்று பார்த்தீர்களா? வீவருக்கு முன்னால் மட்டை பிடித்தவர்கள் யார்? நெமோ லீபோல்ட்: 18 தடவைக்கு ஒரே ஒரு ஹிட். எடி காலின்ஸ்: .226. இரண்டு பேருமே சூதில் இல்லாத சுத்தமான ஆட்கள். முன்னால் போனவன் பேஸில் நின்றால்தானே பின்னால் வருகிறவன் அவனை வீட்டுக்குக் கொண்டுவர முடியும்? காலியான பேஸிலிருந்து யாரைக் கொண்டுவருவது?

ஆறாவது ஆட்டத்தைப் போய்ப் பாருங்கள். அக்டோபர் 7, சின்சினாட்டி மண். சீரிஸில் ரெட்ஸ் நாலுக்கு ஒன்று முன்னிலை, இன்னும் ஒன்று தோற்றால் கதை முடிந்தது. ஆட்டத்திலும் 4-0 பின்தங்கி, சாக்ஸ் சமன் செய்து, பத்தாவது இன்னிங்ஸ். முதலில் வருகிறவர் வீவர். டபுள். அடுத்து ஜாக்சன் பண்ட் செய்து (பந்தை மெல்லத் தட்டிவிட்டு) பேஸ் சேர, கேண்டிலின் ஹிட்டில் ஜெயிப்பு ரன்னாக ஓடி வந்தவர் இதே வீவர். 5-4. தோற்க நினைக்கிறவன் அந்த இடத்தில் சும்மா ஒரு பந்தை மேலே தூக்கிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கலாம். உலகத்தில் ஒருத்தர் கேட்டிருக்க மாட்டார்கள்.

11 ஹிட். பூஜ்யம் எர்ரர்.

பழையபேப்பர்:
நீங்களே என் வாதத்தை எழுதிக்கொடுத்துவிட்டீர்கள், நன்றி. சுத்தமான எடி காலின்ஸ் .226 அடித்தார். காசு வாங்கிய ஜாக்சன் .375 அடித்தார். அந்த வெற்றி ஹிட்டை அடித்த கேண்டில் யார்? சூதுக்கு ஆள் சேர்த்தவரே அவர்தான். சரி, இப்போது சொல்லுங்கள், எட்டு ஆட்டத்தின் ஹிட் எண்ணிக்கையை வைத்து யார் சுத்தம், யார் அழுக்கு என்று எப்படிப் பிரிப்பீர்கள்?

தென்சிகாகோ:
பிரிக்கத் தெரிந்தவர்களுக்குத் தெரியும். அந்த எட்டுப் பேரில் ரிஸ்பெர்க் அந்த சீரிஸில் .080. ஃபெல்ஷ் .192. வீவர் .324. கண் இருக்கிறவன் பிரிப்பான்.

ரெட்ஸ்ரசிகன்:
ஜாக்சன் .375-ஐ மட்டும் அந்தக் கண் பார்க்காது போல.

டெட்ராய்ட்வாசுகி:
நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். ஹிட், ஹிட் என்று இரண்டு பக்கமும் அடித்துக்கொள்கிறீர்கள், வீவரின் பெருமை மட்டையில் இல்லையே. அந்தக் காலத்தில் ஹோம் ரன் (ஒரே அடியில் எல்லா பேஸையும் சுற்றி வருவது) அபூர்வம். அவர் மொத்த வாழ்க்கையிலும் அடித்ததே 21. ஆட்டமே பண்ட், திருட்டு ஓட்டம் (அடி விழாமலே அடுத்த பேஸுக்கு ஓடுவது), ஒவ்வொரு பேஸாக நகர்வது. தேர்ட் பேஸ்காரன் புல்லுக்குள் முன்னால் வந்து நிற்கவேண்டும். அடிப்பவன் மட்டையைத் தாழ்த்தினால் பாய்ந்து வந்து, வெறுங்கையால் பந்தை எடுத்து, நிமிர நேரமில்லாமல் குனிந்தபடியே ஃபர்ஸ்ட் பேஸுக்கு எறியவேண்டும். தாழ்த்துவது போலக் காட்டி ஓங்கி அடித்தால் பந்து முகத்துக்கு வரும். பெரிய துணிச்சல் வேண்டும் அதற்கு. எங்கள் டெட்ராய்ட் அணியின் டை காப், வீவர் ஒருத்தருக்கு எதிராக மட்டும் பண்ட் செய்யத் தயங்குவார் என்று ஒரு பேச்சு உண்டு.

பழையபேப்பர்:
வாசுகி அக்கா, மட்டையைத் தாழ்த்தினால் என்ன நடக்கும் என்பதெல்லாம் அருமை. ஆனால் காப் கதை யார் எழுதியது, எந்தப் பத்திரிகையில் வந்தது? காப் சொன்னதாக ஆயிரம் உண்டு.

டெட்ராய்ட்வாசுகி:
"பேச்சு உண்டு" என்றுதான் எழுதினேன், பழையபேப்பர். படித்துவிட்டுக் கேளுங்கள். ரோஜர்ஸ் ஹார்ன்ஸ்பி இழையிலும் இதையே செய்தீர்கள். நான் எழுதாததை எழுதியதாகச் சொல்லிப் பத்து பதிவு போட்டீர்கள்.

பழையபேப்பர்:
ஹார்ன்ஸ்பி இழையில் ஆண்டு தவறாகச் சொன்னது யார் என்று எல்லோருக்கும் தெரியும். இங்கே அதைக் கிளற வேண்டாம்.

டெட்ராய்ட்வாசுகி:
கிளறியது நீங்கள்.

கொழும்புத்துறை:
சண்டைக்கு நடுவிலை ஒரு சந்தோஷமான விசயம் சொல்லலாமோ? 1913 கடைசியிலை ஒயிட் சாக்ஸும் ஜயண்ட்ஸும் சேர்ந்து உலகச் சுற்றுப்பயணம் போனவை. ஜப்பான், பிலிப்பைன்ஸ், ஆஸ்திரேலியா எல்லாம் முடிச்சுக்கொண்டு 1914 ஜனவரியிலை கொழும்பிலை இறங்கி ஒரு ஆட்டம் ஆடினவை. வீவரும் அந்தக் கப்பலிலை வந்தவர்தான். உவர் எங்கடை மண்ணிலை ஷார்ட்ஸ்டாப் நிண்ட ஆள் எண்டதாலை எனக்கு அவரிலை ஒரு பட்சம் இருக்கு, மறைக்க மாட்டன்.

தென்சிகாகோ:
கொழும்புத்துறை அண்ணா, இது ஒன்று போதும். நன்றி.

ரெட்ஸ்ரசிகன்:
கொழும்பில் ஆடினால் குற்றம் போய்விடுமா? இதுதான் இந்த இழையின் தரம்.

கொழும்புத்துறை:
குற்றம் போகுமெண்டு நான் எழுதேல்லை, தம்பி. எனக்கு விருப்பமெண்டு எழுதினனான்.

ரெட்ஸ்ரசிகன்:
தம்பி என்று அழைக்க வேண்டாம். எனக்கு 58 வயது.

தென்சிகாகோ:
58 வயதிலும் அறை அறை என்று ஒரே பாட்டு.

சரி, அறைக்கே வருகிறேன். சீரிஸுக்கு முன்னால் ஒன்றிரண்டு கூட்டத்தில் இருந்ததை வீவர் மறைக்கவில்லை. பேச்சைக் கேட்டார், சேரவில்லை, காசு தொடவில்லை. இதற்கு என்ன தண்டனை தெரியுமா? 1920 செப்டம்பர் 28 அன்று சாக்ஸ் பிட்சர் (பந்து எறிபவர்) சிசோட்டும் ஜாக்சனும் கிராண்ட் ஜூரி முன் ஒப்புக்கொண்டார்கள். அன்றே சாக்ஸ் முதலாளி காமிஸ்கி, எட்டுப் பேரில் அப்போதும் அணியில் இருந்த ஏழு பேரையும் நீக்கினார். பட்டத்துக்காக கிளீவ்லாந்தோடு கழுத்துக்குக் கழுத்தாக ஓடிக்கொண்டிருந்த அணி அது. வீவர் அந்த வருஷம் .331, 200-க்கு மேல் ஹிட். வயது 30. கோர்ட்டில் தன்னைத் தனியாக விசாரிக்கச் சொல்லிக் கேட்டார், மறுத்தார்கள். ஜூரி மூன்று மணி நேரம்கூட எடுத்துக்கொள்ளாமல் எல்லோரையும் விடுவித்தது. தண்டனை என்று தீர்ப்பு வந்திருந்தாலும் வீவர் விஷயத்தில் அதை நிற்க விட்டிருக்க மாட்டேன் என்று நீதிபதி ஹ்யூகோ ஃப்ரெண்டே சொன்னார். மறுநாள், 1921 ஆகஸ்ட் 3, பேஸ்பால் கமிஷனர் லாண்டிஸ் வந்து ஆயுளுக்கும் தடை போட்டார். சூதாடிகளோடு உட்கார்ந்து பேசிவிட்டு அணியிடம் உடனே சொல்லாதவனும் இனி ஆடக்கூடாது என்று அறிக்கையில் ஒரு வாசகம். அந்த வாசகம் வீவருக்காகவே தைத்த சட்டை.

கோர்ட் விட்டவரை ஒரு தனி ஆள் பிடித்துப் போட்டார். 11 ஹிட் அடித்தவரை.

பழையபேப்பர்:
நீதிபதி ஃப்ரெண்ட் சொன்னதைப் பாதி மட்டும் எழுதுகிறீர்கள். அவர் வீவரை மட்டும் சொல்லவில்லை, ஹேப்பி ஃபெல்ஷையும் சேர்த்துச் சொன்னார். அந்த ஃபெல்ஷ் யார்? 5,000 டாலர் வாங்கினேன் என்று சிகாகோ பத்திரிகைக்காரரிடம் தன் வாயாலேயே சொன்னவர். ஆக, நீதிபதி பேசியது அந்த வழக்கில் வைக்கப்பட்ட சாட்சியத்தைப் பற்றி. உத்தமர் பட்டம் கொடுக்கவில்லை.

வழக்கும் சதி செய்து மோசடி என்ற வழக்கு. ஆட்டத்தை விற்பதே குற்றம் என்று அன்றைக்கு இல்லினாய்ஸில் சட்டம் கிடையாது. விடுதலை ஆனதும் ஜூரிகள் ஆட்டக்காரர்களைத் தோளில் தூக்கி ஆடினார்கள். அப்படிப்பட்ட ஜூரி.

தென்சிகாகோ:
ஜூரி சிகாகோக்காரர்கள் என்பதால் கேவலம், அப்படித்தானே? எழுதுங்கள், நன்றாக எழுதுங்கள்.

பழையபேப்பர்:
நான் ஊரைச் சொல்லவே இல்லை.

ரெட்ஸ்ரசிகன்:
நான் சொல்கிறேன். கல்யாண வீட்டுப் பந்தியில் உட்கார்ந்துவிட்டு, இலையைத் தொடவில்லை என்று சாதிக்கிறார் தென்சிகாகோ. பந்தியில் ஏன் உட்கார்ந்தார் உங்கள் ஆள்? ஒரு வார்த்தை. ஒரே ஒரு வார்த்தை முதலாளியிடமோ மேனேஜர் கிளீசனிடமோ சொல்லியிருந்தால் அந்த சீரிஸ் சுத்தமாக நடந்திருக்கும், எங்கள் பட்டமும் இன்றுவரை கறையோடு இருக்காது. அந்த ரெட்ஸில் ஆடிய எட் ரவுஷ் கடைசிக் காலம் வரை சொன்னார், எப்படி ஆடியிருந்தாலும் நாங்கள்தான் ஜெயித்திருப்போம் என்று. நூறு வருஷமாக எங்கள் பட்டத்தைப் பிச்சை போட்ட பட்டம் என்கிறார்கள். வீவர் வாய் திறக்காததற்கு விலை கொடுத்தது நாங்கள். அந்தக் கோபம் எனக்கு உண்டு, மறைக்க மாட்டேன்.

தென்சிகாகோ:
யாரிடம் சொல்வது? காமிஸ்கியிடமா? முதல் ஆட்டத்தில் சிசோட் பந்தை எறிந்து ரெட்ஸின் ராத் முதுகில் அடித்தாரே, சூதாடிகளுக்கு ஜாடை, அந்த ஆட்டம் 9-1 என்று போனதுமே காமிஸ்கி காதுக்குச் செய்தி போய்விட்டது. தெரிந்தும் ஒரு வருஷம் மூடி வைத்து, அதே ஆட்களுக்கு 1920-க்கும் சம்பளம் கொடுத்து ஆட வைத்து, டிக்கெட் விற்றார். முதலாளி மூடினால் வியாபாரம், ஆட்டக்காரன் மூடினால் ஆயுள் தடை!

சொன்னவன் கதி என்ன ஆயிற்று என்றும் பாருங்கள். செயின்ட் லூயிஸ் பிரவுன்ஸ் அணியின் செகண்ட் பேஸ்காரர் ஜோ கெடியன். சூது நடப்பது தெரிந்தது என்று கிராண்ட் ஜூரியிடம் தானாகவே போய்ச் சொன்னார். லாண்டிஸ் அவரையும் தடை செய்தார். சொல்லாதவனுக்கும் தடை, சொன்னவனுக்கும் தடை. பிறகு எதற்கு "ஏன் சொல்லவில்லை" என்று ஒரு கேள்வி?

பழையபேப்பர்:
கெடியன் சொல்வதற்கு முன்னால் ரெட்ஸ் மேல் பந்தயம் கட்டிச் சம்பாதித்தார். அதை விட்டுவிட்டீர்கள். எப்போதும் பாதி.

தென்சிகாகோ:
சரி, ரூப் பென்டனை எடுத்துக்கொள்ளுங்கள். நியூயார்க் ஜயண்ட்ஸ் பிட்சர். சூது பற்றித் தனக்குத் தெரியவந்ததை கிராண்ட் ஜூரியில் சொன்னவர். அவரை நேஷனல் லீக் தலைவர் வேண்டாம் என்றபோது, ஆடலாம் என்று விட்டவர் இதே லாண்டிஸ். 1923-ல். எந்த அணி சேர்த்துக்கொண்டது தெரியுமா? ரெட்ஸ்ரசிகன் சொல்லட்டும்.

தென்சிகாகோ:
சொல்ல மாட்டார். நானே சொல்கிறேன். சின்சினாட்டி ரெட்ஸ்.

ரெட்ஸ்ரசிகன்:
வேலைக்குப் போயிருந்தேன் ஐயா, எல்லோரும் உங்களைப் போல நாள் முழுக்க இங்கேயே உட்கார்ந்திருப்பதில்லை. பென்டன் சூதாடிகளோடு அறையில் உட்கார்ந்தாரா? இல்லை. அதுதான் வித்தியாசம். அறை.

டெட்ராய்ட்வாசுகி:
இந்த ஒரு விஷயத்தில் தென்சிகாகோ பக்கம் நான். லாண்டிஸ் எல்லோரையும் ஒரே தராசில் நிறுக்கவில்லை. 1919-ல் டெட்ராய்ட்டும் கிளீவ்லாந்தும் ஆடிய ஓர் ஆட்டத்தை முன்கூட்டியே பேசி வைத்ததாக பிட்சர் டட்ச் லெனார்ட், காப் மீதும் கிளீவ்லாந்தின் ட்ரிஸ் ஸ்பீக்கர் மீதும் புகார் சொன்னார். 1927 ஜனவரியில் லாண்டிஸ் இரண்டு பேரையும் விடுவித்துவிட்டார். அதே மாதம், 1917 ஆட்டங்கள் பற்றி ரிஸ்பெர்க் சொன்ன புகாரை விசாரிக்கிற இடத்தில் வீவர் எழுந்து, என்னைத் திரும்பச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று நேருக்கு நேர் கேட்டார். லாண்டிஸ் மறுத்துவிட்டார். நான் காப் ரசிகை. இருந்தும் சொல்கிறேன், அது நியாயமில்லை.

பழையபேப்பர்:
காப் விஷயத்தில் புகார் சொன்ன லெனார்ட் விசாரணைக்கே வரவில்லை. வீவர் விஷயத்தில் அவரே ஒப்புக்கொண்டது இருக்கிறது. இரண்டும் ஒன்றா?

எல்லோரும் 1919-ஐயே பேசுகிறீர்கள். 1920 ஆகஸ்ட் கடைசியில் பாஸ்டனில் சாக்ஸ் மூன்று ஆட்டம் தொடர்ந்து தோற்றதே, அது பற்றி சுத்தமான எடி காலின்ஸ் என்ன சொன்னதாக அன்றைய பந்தயப் பத்திரிகை ஒன்றில் வந்தது? சிசோட்டும் வீவரும் சூதாடிகளின் பையில் இருந்தார்கள் என்று. பெயர் சொல்லி. 11 ஹிட்காரரை. கூடவே ஆடியவர், பக்கத்தில் நின்று பார்த்தவர்.

தென்சிகாகோ:
பந்தயப் பத்திரிகை! காப் கதைக்கு எந்தப் பத்திரிகை என்று வாசுகி அக்காவை உலுக்கி எடுத்தவர், தனக்கு வேண்டியபோது குதிரைப் பந்தயக்காரன் தாளைத் தூக்கிக்கொண்டு வருகிறார். எடி காலின்ஸ் 15,000 டாலர் சம்பளம் வாங்கியவர். வீவர் 7,250. அந்த அணியில் இரண்டு கோஷ்டி, ஒரு கோஷ்டி மற்ற கோஷ்டியோடு பேசாது. அப்படிப்பட்டவர் வாயிலிருந்து வீவரைப் பற்றி நல்ல வார்த்தை வருமா? கோர்ட்டில் சொன்னாரா அதை? இல்லை.

பழையபேப்பர்:
நல்லது, காமிஸ்கி கஞ்சன் கதைக்கு வந்துவிட்டீர்கள். சம்பளக் கணக்குகள் எப்போதோ வெளிவந்துவிட்டன. 1919 ஒயிட் சாக்ஸ் சம்பளப் பட்டியல் அந்த லீகில் மேலே இருந்தவற்றில் ஒன்று. பட்டினி கிடந்த பையன்கள் சூதாடினார்கள் என்பது சினிமாக் கதை.

தென்சிகாகோ:
பட்டினி என்று நான் எழுதினேனா? எந்த வரியில்? காட்டுங்கள். அணியில் சிலருக்கு நிறைய, சிலருக்குக் குறைவு என்றுதான் எழுதினேன். எழுதாததை எழுதியதாகச் சொல்வது உங்கள் வழக்கம் என்று வாசுகி அக்கா முன்னாலேயே சொல்லிவிட்டார்.

கொழும்புத்துறை:
நான் ஒண்டு கேக்கட்டே? போன வருசம், 2025 மே மாசம், கமிஷனர் மேன்ஃபிரெட் செத்துப்போன ஆக்களின்ரை தடை இனிச் செல்லாதெண்டு சொன்னவரெல்லோ. பீட் ரோஸ், ஜாக்சன், வீவர் எல்லாரும் அதுக்குள்ளை வருகினம். பேந்தேன் இந்தச் சண்டை?

தென்சிகாகோ:
அதுதான் அண்ணா நானும் சொல்ல வந்தேன். 104 வருஷம் கழித்து வீவரின் பெயர் அந்தப் பட்டியலிலிருந்து போயிற்று. உயிரோடு இருந்தபோது எத்தனை தடவை மனு போட்டார் அந்த மனுஷன்! ஆயிரக்கணக்கான சிகாகோ ரசிகர்கள் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள். லாண்டிஸ் 1944-ல் செத்த பிறகும் விடவில்லை, 1953-ல் கமிஷனர் ஃபோர்ட் ஃப்ரிக்குக்குத் தன் கைப்படக் கடிதம் எழுதினார். ஊரை விட்டு ஓடவும் இல்லை. சாக்ஸ் மைதானம் இருக்கிற அதே தென்பகுதியில் மருந்துக்கடை வைத்தார், பெயின்ட் அடித்தார், கடைசியில் குதிரைப் பந்தய மைதானத்தில் டிக்கெட் கவுண்டரில் உட்கார்ந்தார். 1956 ஜனவரி 31, தெருவில் நடந்து போகும்போது மாரடைப்பு. காசு வாங்கியவன் 35 வருஷம் இப்படி மன்றாடுவானா? அடுத்து ஹால் ஆஃப் ஃபேம் (பேஸ்பாலின் புகழ் மண்டபம்)தான்.

பழையபேப்பர்:
ஹால் ஆஃப் ஃபேமா! பத்து சீசன் ஆடியிருக்க வேண்டும் என்பது விதி. வீவர் ஆடியது 1912 முதல் 1920 வரை. எண்ணுங்கள். ஒன்பது. தடை போனாலும் வாசலிலேயே நிற்கவேண்டியதுதான். மொத்த சராசரி .272. சூது கதை இல்லாவிட்டால் இன்றைக்கு இந்தப் பெயரே யாருக்கும் நினைவில் இருக்காது. மேன்ஃபிரெட் சொன்னதும் "குற்றமற்றவர்" என்று இல்லை. செத்தவரால் இனி ஆட்டத்துக்கு ஆபத்தில்லை என்பதுதான் அதன் சாரம்.

தென்சிகாகோ:
ஒன்பது சீசன் ஏன் ஆயிற்று? பத்தாவது சீசனை யார் பறித்தது? பறித்தவனே வந்து கணக்குக் கேட்கிற மாதிரி இருக்கிறது. பிட்சர் அட்டி ஜாஸும் ஒன்பது சீசன்தான், விதியைத் தளர்த்தி 1978-ல் சேர்த்தார்களே?

பழையபேப்பர்:
ஜாஸ் 1911-ல் நோய் வந்து இறந்தார். சூதாடிகளோடு பேசி வேலை இழக்கவில்லை. செத்தவரோடு ஒப்பிட வெட்கமாக இல்லையா?

டெட்ராய்ட்வாசுகி:
சராசரி .272 என்று அலட்சியமாக எழுதுகிறீர்கள். .224-ல் தொடங்கி கடைசி வருஷம் .331-க்கு வந்த ஆள். 30 வயதில் இன்னும் ஏறிக்கொண்டிருந்தார். 1920-க்குப் பிறகு பேஸ்பாலில் மட்டைக்காரர்களின் காலம் பிறந்தது, வீவர் அதில் ஆடவே இல்லை. அந்த ஐந்தாறு வருஷம் கிடைத்திருந்தால் மொத்த சராசரியே வேறு.

ரெட்ஸ்ரசிகன்:
கிடைத்திருந்தால். அறைக்குப் போகாமல் இருந்திருந்தால். வாய் திறந்திருந்தால்.

தென்சிகாகோ:
பாருங்கள், இத்தனை பதிவில் ஒருத்தரும் என் முதல் கேள்விக்குப் பதில் சொல்லவில்லை. தோற்றுக்கொடுக்க ஒப்புக்கொண்டவன் ஏன் 11 ஹிட் அடித்தான்?

பழையபேப்பர்:
மூன்று முறை சொல்லியாகிவிட்டது. ஒப்புக்கொண்டான் என்று சொல்லவில்லை, தெரிந்திருந்தது, சொல்லவில்லை என்கிறோம். லாண்டிஸ் தடை போட்டதும் அதற்குத்தான். ஹிட் அதற்கு எப்படிப் பதிலாகும்?

தென்சிகாகோ:
அப்படியானால் ரெட்ஸ்ரசிகன் எழுதிய "விலைபோன எட்டுப் பேரில் ஒருத்தன்" பொய்தானே? விலையை யார் கொடுத்தது? எவ்வளவு? சிசோட் 10,000. ஜாக்சன் 5,000. வீவர்? சொல்லச் சொல்லுங்கள்.

ரெட்ஸ்ரசிகன்:
மௌனத்துக்கும் விலை உண்டு.

தென்சிகாகோ:
எவ்வளவு? டாலரில் சொல்லுங்கள்.

மட்டுறுத்துநர்:
தனிப்பட்ட வயது, வேலை பற்றிய பேச்சை நிறுத்துங்கள். ஹார்ன்ஸ்பி இழைச் சண்டை இங்கே வேண்டாம்.

பழையபேப்பர்:
மட்டுறுத்துநருக்கு: ஹார்ன்ஸ்பியை நான் ஆரம்பிக்கவில்லை என்பதைப் பதிவு செய்கிறேன். தென்சிகாகோவுக்கு: பாஸ்டன் தோல்விகளுக்கு இன்னும் பதில் வரவில்லை. மூன்று ஆட்டம். தேர்ட் பேஸில் நின்றது யார்?

தென்சிகாகோ:
நின்றது வீவர். ரைட் ஃபீல்டிலிருந்து ஷார்ட்ஸ்டாப் வரை இன்னும் எட்டுப் பேரும் நின்றார்கள், உங்கள் எடி காலின்ஸ் உள்பட. மூன்று ஆட்டத்துக்கும் ஸ்கோர் அட்டையை எடுத்து நாளைக்கு இன்னிங்ஸ் இன்னிங்ஸாகப் போடுகிறேன். அதுவரை ரெட்ஸ்ரசிகன் அந்தத் தொகையைத் தேடட்டும்.

ரெட்ஸ்ரசிகன்:
போடுங்கள். கூடவே 1919 அக்டோபர் 9, எட்டாவது ஆட்டத்தின் அட்டையையும் போடுங்கள். சிகாகோ மைதானம். ரெட்ஸ் 10, சாக்ஸ் 5.